பொருள்: லைட்மோட்டிஃபுக்கு ஒரு சொல், சனிக்கிழமைக்குள்

வியாசர்பாடி:
அனைவருக்கும் வணக்கம். ஞாயிறுதோறும் பிள்ளைகளுக்குத் திரை ரசனை வகுப்பு எடுக்கிறேன். இந்த வாரம் இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணன். ‘அட்டகத்தி’யில் (2012) தொடங்கி, ‘மெட்ராஸ்’ (2014), ‘வட சென்னை’ (2018), ‘சார்பட்டா பரம்பரை’ (2021) என்று எங்கள் வட சென்னைப் பக்கத்துக் கதைகளுக்கே திரும்பத் திரும்ப வந்தவர். கையேடு சனிக்கிழமை ஜெராக்ஸுக்குப் போகணும். ஓர் ஆளுக்கோ இடத்துக்கோ உரிய இசைத்துணுக்கு படம் நெடுக வருமே, ஜெர்மன் இசையமைப்பாளர் வாக்னரின் ஆபராவை, அதாவது இசை நாடகத்தை, பற்றிப் பேசும்போது லைட்மோட்டிஃப் என்பார்களே, அதற்குத் தமிழில் என்ன? ‘தீம்’ போதாது. ஹீரோ நடந்து வந்தால் அடிப்பதும் தீம்தான். நான் கேட்பது கதையோடு தானும் மாறுவது. கல்யாண வீட்டில் துள்ளிய அதே நாலு சுரம், சாவு வீட்டில் ஒற்றை வயலினில் இழுத்துக்கொண்டு வருமே, அது.

திருவொற்றியூர்:
அம்மா, தொல்காப்பியர் எப்போதோ கொடுத்துவிட்டார். ‘தெய்வம் உணாவே மாமரம் புட்பறை செய்தி யாழின் பகுதியொடு தொகைஇ’. நெய்தலுக்கு மீன்கோட்பறை, செவ்வழிப் பண். காசிமேடு நெய்தல்தானே? கண்ணை மூடிக்கொண்டு பறையைக் கேட்டாலே நிலம் தெரிந்துவிடும். பறையும் யாழும் நிலத்துக்குரிய கருப்பொருளில் அடங்குவதால் ‘கருப்பண்’. பண் என்பதும் பண்ணுதல்தான்: எட்டு இடத்தில், எட்டுத் தொழிலால் பண்ணிப் படுத்தது என்று சிலப்பதிகாரத்துக்கு அடியார்க்கு நல்லார் எழுதிய உரையில் ஒரு வெண்பா உண்டு. அந்த எட்டு இடங்களாவன...

ராயபுரம்:
ஐயா, எட்டையும் தனி மடலில் போடுங்க. கருப்பண்னு அச்சடிச்சா பசங்க கருப்பண்ணசாமின்னு படிப்பாங்க. ‘மீள்மெட்டு’ போதுமே.

திருவொற்றியூர்:
மெட்டு தெலுங்கு. அங்கே படிக்கட்டு என்று பொருள்.

கொருக்குப்பேட்டை:
வீணையில இருக்கிறதும் மெட்டுதான், அதைப் பிடுங்கிடலாமா? தியாகராசர் உங்க ஊருக்கு வந்து திரிபுரசுந்தரி மேல அஞ்சு கீர்த்தனை தெலுங்குலதான் பாடினார். ஊர் ஒண்ணும் கதவைச் சாத்தலையே.

வியாசர்பாடி:
சண்டை வேண்டாம். வகுப்பிலேயே கேட்டேன். ஒன்பதாம் வகுப்புப் பையன் சொன்னான்: ‘ஆள் வர்றதுக்கு முன்னாடியே அவன் சத்தம் வந்துடும் மிஸ். செத்துட்டாலும் வரும்.’ அவன் வைத்த பெயர் ‘ஆள்மெட்டு’. எனக்குப் பிடித்திருக்கிறது.

ராயபுரம்:
அழகாத்தான் இருக்கு. ஆனா ‘மெட்ராஸ்’ல அடிதடி மொத்தமும் ஒரு சுவருக்காக. சுவருக்குன்னு ஒரு மெட்டு போட்டா அதையும் ஆள்மெட்டுன்னா சொல்வீங்க?

கொருக்குப்பேட்டை:
மீள்மெட்டுலயும் ஓட்டை இருக்கு. திரும்பி வர்றது சரி, மாறி வர்றது எங்கே? டீச்சர் முதல்ல கேட்டதே அதைத்தானே. எங்க தெருவுல சாவு கானா பாடுறவர் ராத்திரி முழுக்க ஒரே மெட்டைத்தான் பிடிச்சிருப்பார். விடியக்காலையில டோலக் ஓய்ஞ்சு குரல் மட்டும் நிக்கும்போது அது வேற மெட்டு. அதுக்குப் பேர் வைங்க பார்ப்போம்.

வியாசர்பாடி:
வைக்க முடியவில்லை. கடைக்காரர் ஏழு மணிக்கு ஷட்டரை இறக்கிவிடுவார். ‘மீள்மெட்டு’ என்று போட்டு, மாறுவதை ஒரு வரியில் விளக்கிவிட்டேன். பையனுடைய வாக்கியத்தையும் அப்படியே சேர்த்தாச்சு.

திருவொற்றியூர்:
என் மறுப்பு பதிவாகட்டும். அந்த எட்டு இடங்களையும் இரவு எழுதுகிறேன்.