மறு: ‘லேட்டரல் ரீடிங்’ – புறவாசிப்பு எனலாமா?

நண்பர்களுக்கு வணக்கம். ஓர் இணையப் பக்கத்தை நம்பலாமா என்று அறிய, அதை விட்டு வெளியே போய், அதைப் பற்றிப் பிறர் சொல்வதைத் தேடும் முறைதான் ‘லேட்டரல் ரீடிங்’ (lateral reading). அதற்கு ஏற்ற தமிழ்ச்சொல் எது என்ற நம் விவாதத்துக்கு என் மறுமொழி இது.

> ‘பக்கவாட்டு வாசிப்பு’ என்றே வைத்துவிடலாம். சொல்லுக்குச் சொல் பொருந்துகிறது.

பொருந்துகிறது. ஆனால் கேட்கும் மாணவருக்கு என்ன செய்ய வேண்டும் என்று விளங்காது. வரிகளின் குறுக்கே கண்ணை ஓட்டுவது என்றுகூட நினைப்பார். முதலில் செயலைப் பார்ப்போம்.

ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் சாம் வைன்பர்க்கும் சாரா மெக்ரூவும் 2017இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். வரலாற்றறிஞர் 10 பேர், தொழில்முறைச் செய்தி சரிபார்ப்பாளர் 10 பேர், மாணவர் 25 பேர். குழந்தை மருத்துவர் அமைப்புகள் இரண்டின் இணையப் பக்கங்களைக் காட்டி, எது நம்பத்தக்கது என்று கேட்டார்கள். ஒன்று 1930 முதல் இயங்கும் பேரமைப்பு. மற்றது 2002இல் அதிலிருந்து பிரிந்த சிறு குழு. பெயர்களோ ஏறத்தாழ ஒன்றுபோல இருக்கும். மாணவரில் பெரும்பாலோர் சிறு குழுவையே நம்பினார்கள். வரலாற்றறிஞரிலும் சிலர் தடுமாறினார்கள். இவர்கள் பக்கத்துக்குள்ளேயே நின்று, வடிவமைப்பையும் சின்னத்தையும் அடிக்குறிப்புகளையும் எடைபோட்டவர்கள். சரிபார்ப்பாளர்கள் அங்கே தங்கவே இல்லை. உலாவியில் புதிய தாவல்களை (tab) திறந்து, அந்த அமைப்பைப் பற்றிப் பிறர் என்ன எழுதியிருக்கிறார்கள் என்று தேடினார்கள். தன்னைப் பற்றித் தானே சொல்வதை யாராலும் அழகாக எழுதிவிட முடியும் என்பது அவர்களுக்குத் தெரியும்.

வெளியேறுவதுதான் இதில் உயிர்நாடி. அதனால்தான் ‘புறவாசிப்பு’ என்கிறேன்.

> புறங்கூறுதல் நினைவுக்கு வராதா?

புறநகர், புறநோயாளி என்னும்போது வருவதில்லையே. ‘வெளியே’ என்ற பொருள் அங்கே உறுதியாக நிற்கிறது. ‘குறுக்கு வாசிப்பு’ எனக்கு உடன்பாடில்லை. குறுக்குவழியின் சாயல் ஒட்டிக்கொள்ளும். ‘ஒப்பு வாசிப்பு’ வேறு செயல்: இரண்டையும் முழுமையாகப் படித்து ஒப்பிடுவது. இங்கே, படிப்பதற்கு முன்பே மூலத்தை விசாரிக்கிறோம்.

இன்னும் தீராதது இதன் எதிர்ச்சொல். ஒரே பக்கத்தை மேலிருந்து கீழாகப் படித்து முடிவெடுப்பதை ‘அகவாசிப்பு’ என்றால் மௌன வாசிப்பாகக் கொள்வார்கள். ‘செங்குத்து வாசிப்பு’ வேண்டவே வேண்டாம். ‘உள்நின்ற வாசிப்பு’ நீளம்தான், ஆனால் பொருள் தெளிவு. இதைவிடச் செறிவான சொல் யாருக்காவது தோன்றுகிறதா?

வினையாகவும் நிற்க வேண்டும்: ‘இந்தக் காணொளியைப் பகிரும் முன் புறவாசித்துப் பார்.’ என் காதுக்கு உறுத்தவில்லை. ஒரு விளம்பரத்தையோ மருத்துவக் குறிப்பையோ வைத்து நீங்களும் வாக்கியம் அமைத்து, இடறும் இடத்தை எழுதுங்கள்.