நான் குவைத்ல இருந்து அனுப்புன காசு, பத்திரம் தம்பி பேருல. இப்ப நிலம் யாருக்கு?

மானாமதுரைக்காரன்:
எல்லாருக்கும் வணக்கம். நான் 2006ல இருந்து குவைத்ல ஏசி மெக்கானிக். 2013ல ஊர்ப்பக்கம் 2 ஏக்கர் 40 சென்ட் புஞ்சை வாங்குனோம், காசு முழுக்க என்னோடது, அப்ப எனக்கு லீவு கெடைக்கல, அதோட வெளிநாட்டுல இருக்கவங்க பேருல விவசாய நிலம் எழுதமுடியாதுன்னு புரோக்கர் சொன்னாரு, சரி வந்து மாத்திக்கலாம்னு தம்பி பேருல கிரயம் முடிச்சோம். தம்பி நல்லவன்தாங்க. போர் போட்டு 340 அடில தண்ணி வந்தப்ப வீடியோ கால் போட்டு அந்த சேறு வழியுற மூஞ்சியோட சிரிச்சான். போன வருஷம் நெஞ்சுவலில போயிட்டான், 39 வயசு. காரியமெல்லாம் முடிஞ்சு அம்மா மெதுவா பேச்செடுத்தா அவன் சம்சாரம் "பத்திரத்துல யாரு பேரு இருக்குன்னு பாருங்கத்தை"ன்னு முடிச்சிருச்சு. ஒரிஜினல் பத்திரம் அம்மா வீட்டு டிரங்குப்பெட்டில இருக்கு. பேங்க் ஸ்லிப் பாதிக்கு இருக்கு, மீதி உண்டியல்ல, அதாவது பேங்க் இல்லாம ஏஜென்ட் கைவழியா போனது. கேஸ் போட்டா நிக்குமா?

சிவகங்கைச் சீமை:
ஒரிஜினல யார் கேட்டாலும் குடுக்காதீங்கண்ணே. காசு குடுத்தவன் நீங்க, ஸ்லிப் இருக்கு, பத்திரம் கைல இருக்கு, வேற என்ன வேணும், போடுங்க கேஸ்.

கருப்புக்கோட்டு:
அவசரப்பட்டு போட்டுறாதீங்க சார். "என் காசு, அவன் பேரு"ன்னு பிராது எழுதுனாலே அது பினாமின்னு நீங்களே ஒத்துக்கிட்ட மாதிரி. 1988 பினாமி சட்டம் 4வது பிரிவு, பினாமி பேருல இருக்க சொத்த உண்மையான ஓனர் கேஸ் போட்டு கேக்க முடியாதுன்னு சொல்லுது. 2016 திருத்தத்துல சிலதுக்கு விலக்கு இருக்கு. பொண்டாட்டி, புள்ளைங்க பேருல கணக்குல வந்த காசுல வாங்குனா தப்பில்ல. ஆனா அண்ணன் தம்பின்னா பத்திரத்துல ரெண்டு பேர் பேரும் சேர்ந்து இருக்கணும். உங்க பேரு இல்லையே.

காசு யாரோடது, நிலம் யார் அனுபவிக்கிறா, பத்திரம் யார் கைல இருக்கு, ஏன் அடுத்தவன் பேருல வாங்குனீங்க, இதையெல்லாம் கோர்ட் பாக்கும், நிரூபிக்க வேண்டியது நீங்க. உங்களுக்காக நம்பிக்கைப் பொறுப்புல தம்பி வச்சிருந்தான்னு வாதாடலாம். பெங்களூர்ல கார்ப்பரேஷன் வீட்டுக்கு குடும்பமே காசு போட்டு ஒரு மகன் பேருல வாங்குன கேஸ்ல 2012ல சுப்ரீம் கோர்ட் அத ஏத்துக்கிச்சு. ஆனா உங்க காரணமே வேற, ஃபெமாங்கற அந்நியச் செலாவணிச் சட்ட விதிப்படி என்ஆர்ஐ, அதாவது வெளிநாட்டுல வாழுற இந்தியர், விவசாய நிலம் வாங்கக்கூடாது, அத சுத்திப் போகத்தான் தம்பி பேருல வாங்குனீங்கன்னு எதிர்த்தரப்பு கேக்கும். உண்டியல் கதைய கூண்டுல ஏறி சொல்லப் போறீங்களா?

சிவகங்கைச் சீமை:
அப்ப தம்பி சம்சாரத்த சமாதானம் பண்ணி திருப்பி எழுதி வாங்கிட்டா?

கருப்புக்கோட்டு:
அதுக்கும் அதே சட்டத்துல 6வது பிரிவு இருக்கு. பினாமி, உண்மையான ஓனருக்கு திருப்பி எழுதிக் குடுத்தா செல்லாது.

வாய்க்கா வரப்பு:
நான் அந்தப் பொண்ணு இடத்துல இருந்தவ, அதனால சொல்றேன். என் வீட்டுக்காரர் போனப்ப அவங்க அண்ணன் இதேதான் சொன்னாரு. எனக்கு அந்தக் காசு கணக்கே தெரியாது, யாரும் சொன்னதில்ல. 16ம் நாள் முடியுறதுக்குள்ள நிலத்தப் பத்தி பேசுனா பயம்தான் வரும், புள்ளைகள வச்சுக்கிட்டு எங்க போறதுன்னு. உங்க ஸ்லிப்ப அந்தப் பொண்ணு பாத்திருக்கா?

மானாமதுரைக்காரன்:
காட்டல அக்கா. அம்மா வாயால சொன்னதுதான். ரெண்டு புள்ளைங்க, பெரியவளுக்கு 11. இதுக்குள்ள வித்துருவாங்களோன்னுதான் தூக்கம் வரல.

கருப்புக்கோட்டு:
வித்துருவாங்கன்னு ரொம்ப பயப்படாதீங்க. தம்பி உயில் எழுதலன்னா இந்து வாரிசுரிமைச் சட்டப்படி சம்சாரம், ரெண்டு புள்ளைங்க, உங்க அம்மா, நாலு பேருக்கும் சமபங்கு. அம்மாவ எல்லாரும் மறந்துர்றாங்க, வாரிசு சர்டிபிகேட்ல அவங்க பேரு விடுபடாம மொதல்ல தாசில்தார் ஆபீஸ்ல மனு குடுங்க. மைனர் பங்க விக்க கோர்ட் பர்மிஷன் வேணும், விவரம் தெரிஞ்சவன் எவனும் அது இல்லாம வாங்க மாட்டான். அம்மாவோட கால் பங்கு அவங்க இஷ்டம், ஆனா நீங்க வெளிநாட்டுல இருக்க வரைக்கும் விவசாய நிலத்த தானமா வாங்க முடியாது, உயில் மூலமா வந்தா தடையில்ல. கோர்ட்டுக்கே போறதுன்னாலும் தம்பி சம்சாரம் மறுத்த நாள்ல இருந்து 3 வருஷம்தான், அத மனசுல வச்சுக்கோங்க.

மானாமதுரைக்காரன்:
60 சென்ட். 2 ஏக்கர் 40க்கு 60 சென்ட்தான் மிச்சமா சார்.

இப்பதான் அம்மாகிட்ட பேசுனேன். "பேரப்புள்ளைககிட்ட நான் பங்கு கேக்கணுமாடா"ன்னு கேட்டுட்டு போன வச்சிருச்சு. வாரிசு மனுவ மட்டும் இந்த வாரம் குடுக்கச் சொல்றேன். ஸ்லிப்ப ஜெராக்ஸ் எடுத்து தம்பி சம்சாரத்துக்கு அனுப்புறேன், கேஸ்னு எதுவும் சொல்லாம.

வாய்க்கா வரப்பு:
பெரியவளுக்கு ஸ்கூல் ஃபீஸ் யாரு கட்டுறான்னும் கேளுங்க தம்பி.