புதுப்பிப்பு: வேட்டிக்குள் வால்தர்

போன மாதம் கேட்டிருந்தேன்: ரைஸ்மில் வசூலோடு இரவில் மன்னார்குடி திரும்பும் எனக்கு, பெரியப்பாவின் பழைய வால்தர் பிபிகே கைத்துப்பாக்கி இடுப்பில் மறைத்து வைக்கத் தோதுப்படுமா என்று. இப்போது அது என் உரிமத்தில் ஏறிவிட்டது.

9 மி.மீ. தோட்டா போடும் துப்பாக்கி வாங்கச் சொன்னவர்களுக்கு: நம் நாட்டில் அது தடைசெய்யப்பட்ட ரகம். இது .32 ரகம், ஏறத்தாழ 600 கிராம், 7 தோட்டா. முதல் சுடலுக்கு விசை (ட்ரிகர்) இழுக்கக் கனம், அடுத்தது லேசு. கை பழக நாளாகும்.

பேன்ட்டில் இருப்பதே தெரியவில்லை. வேட்டியில்தான் வம்பு. மோட்டார் கொட்டகையில் குனிந்தேன். சட்டை மேலேறி, பச்சை பெல்ட்டுக்கு மேல் பிடி எட்டிப் பார்த்தது. "புது ஸ்பேனருங்களா?" என்றார் மடை பார்ப்பவர். சித்திரை வியர்வையில் நான்கே நாளில் ஸ்லைடு (துப்பாக்கியின் மேலே நகரும் உலோகப் பாகம்) ஓரம் செந்துரு. இப்போது இரவுதோறும் எண்ணெய்த் துணியோடு உட்காருகிறேன்.