பர்மா அரிசி நின்றபோது: மரவள்ளிக்கிழங்குக்கு ஏன் இரண்டு வரலாறுகள்?

கேள்வி:
அன்பர்களுக்கு வணக்கம். இரண்டாம் உலகப் போரில் பர்மா அரிசி வராமல் நின்றதும், இறக்குமதியை நம்பியிருந்த திருவிதாங்கூரும் (இன்றைய தென்கேரளப் பகுதி) மலாயாவும் (இன்றைய மலேசியத் தீபகற்பம்) மரவள்ளிக்கிழங்கை உண்டே அக்காலத்தைக் கடந்தன. இன்று கேரளத்தில் கப்பை எனப்படும் இக்கிழங்கும் மீன்குழம்பும் விரும்பி உண்ணும் உணவாக இருக்க, போரின்போது ஜப்பானியர் ஆண்ட காலத்தைக் கண்ட மலேசியத் தமிழர் பலர் அக்கிழங்கைப் பிற்காலத்தில் தொடவே விரும்பவில்லை. இவ்வேறுபாடு எதனால் வந்தது?

மறுமொழி 1:
திருவிதாங்கூருக்குக் கிழங்கு போரோடு வந்ததன்று. 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மன்னர் அதன் சாகுபடியை ஊக்குவித்தார். நெல் விளையாத மேட்டு நிலத்திலும் அது விளைந்ததால் ஏழைக் குடும்பங்களின் அடுப்பில் முன்பே இடம்பிடித்திருந்தது. 1942 மார்ச்சில் பர்மாவின் தலைநகர் ரங்கூன் ஜப்பானியரிடம் வீழ்ந்தபோது, கிழங்கைத் தோல் சீவி, நறுக்கி, நிறைய நீரில் வேகவைத்து, அந்த நீரை வடித்துவிட்டால்தான் அதன் நச்சு நீங்கும் என்பதை அங்குள்ள பெண்கள் நன்கு அறிந்திருந்தனர். உடன் உண்ண மத்தி மீனும் கிடைத்தது. என் கருத்தில், அந்த மீன்தான் இங்கு முக்கியமானது. கிழங்கில் புரதம் மிகக் குறைவு.

மறுமொழி 2:
மலாயாவில் அந்தத் துணை பலருக்கு வாய்க்கவில்லை. போருக்கு முன் அந்நாடு தன் அரிசித் தேவையில் பெரும்பகுதியை வெளியிலிருந்தே பெற்றது. 1942 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூரும் சரணடைந்தபின் ரப்பருக்குச் சந்தையில்லை, தோட்டத்தில் வேலையில்லை. பங்கீட்டு அரிசியின் அளவு குறைந்துகொண்டே வந்தது, ஜப்பானியர் அச்சிட்ட வாழைமர நோட்டுக்கோ நாளுக்கு நாள் மதிப்பு குறைந்தது. பல்லாயிரக்கணக்கான தமிழ்த் தொழிலாளர்கள் சயாமுக்கும் (இன்றைய தாய்லாந்து) பர்மாவுக்கும் இடையே ஜப்பானியர் அமைத்த மரண ரயில்பாதைப் பணிக்குக் கொண்டுசெல்லப்பட்டதால், உழைத்துச் சோறிடுவோர் இல்லாத குடும்பங்கள் குழந்தைகளுக்கு வேளைதோறும் கிழங்கையே வேகவைத்துக் கொடுக்க நேர்ந்தது. தயமின் (வைட்டமின் பி1) சத்துக் குறைவால் பெரிபெரி நோய் பரவிக் கால்கள் வீங்கின. இத்தனையும் அனுபவித்த தலைமுறைக்கு அக்கிழங்கின் மணமே அந்த ஆண்டுகளை நினைவூட்டியதில் வியப்பில்லை. அவர்களின் வெறுப்பை நாவின் விருப்பு வெறுப்பாக மட்டும் எண்ணிவிடக் கூடாது என்று வேண்டிக்கொள்கிறேன்.

மறுமொழி 3:
பழகிய பக்குவத்துக்குள் புதுப்பொருள் அடங்கினால் அது நிலைத்துவிடுகிறது என்பதற்கு ரவா இட்லியும் சான்று. போர்க்கால அரிசித் தட்டுப்பாட்டில் அதை உருவாக்கியது தாங்களே என்று பெங்களூரின் எம்.டி.ஆர். உணவகத்தார் கூறுகின்றனர். அரிசி மாவுக்குப் பதில் ரவையும் தயிரும் வந்தன. தட்டும் ஆவியும் சட்னியும் மாறவில்லை.

கேள்வி கேட்டவர்:
மிக்க நன்றி. கிழங்கோடு வேறென்ன கிடைத்தது என்பதைக் கேட்காமல் கிழங்கை மட்டுமே நான் ஒப்பிட்டிருந்தேன்.

மறுமொழி 2 எழுதியவர்:
ஒன்றைச் சேர்க்க வேண்டும். மலேசியாவில் கிழங்கு மறைந்துவிடவில்லை. துருவிய கிழங்கில் தேங்காய்ப்பாலும் சர்க்கரையும் சேர்த்துச் சுடும் மலாய்ப் பலகாரமான பிங்கா உபியை, போரைக் காணாத பேரப்பிள்ளைகள் இன்று விரும்பி வாங்கி உண்கின்றனர்.