நர்ஸை மிரட்டியவர்கள் மீது எஃப்ஐஆர் போட வைப்பது எப்படி?

நண்பர்களே, வக்கீல்களோ மருத்துவமனை நிர்வாகத்தில் இருப்பவர்களோ இருந்தால் கொஞ்சம் வழி சொல்லுங்கள்.

என் தங்கை ஒரு தனியார் மருத்துவமனையில் ஸ்டாஃப் நர்ஸ். போன வாரம் நைட் டியூட்டியில், டாக்டர் வரத் தாமதமானதற்கு நோயாளியின் உறவினர்கள் இவளைப் பிடித்துக்கொண்டார்கள். காது கூசும் வசவு. ஒருவர் டிரிப் ஸ்டாண்டைத் தூக்கி ஓங்க, இன்னொருவர் "வெளியில வா, பாத்துக்கறேன்" என்றிருக்கிறார். அடி விழவில்லை. அதனாலேயே எல்லோரும் இதைச் சின்ன விஷயமாக்குகிறார்கள்.

போலீஸ் ஸ்டேஷனில், புகார் வாங்கியதற்கு அத்தாட்சியான சிஎஸ்ஆர் ரசீதோடு சரி, எஃப்ஐஆர் போடவில்லை. "சமாதானமாப் போயிடுங்கம்மா" என்று அறிவுரை வேறு. நிர்வாகமோ பெயர் கெடும் என்று நழுவுகிறது.

நான் படித்தவரை, தமிழ்நாட்டின் 2008ஆம் ஆண்டு மருத்துவப் பணியாளர் பாதுகாப்புச் சட்டம் (48/2008) தனியார் மருத்துவமனை நர்ஸுக்கும் பொருந்தும். மிரட்டலும் அதில் வன்முறைதான். ஜாமீனில் விட முடியாத பிரிவு, 3 முதல் 10 ஆண்டு வரை சிறை. ஆறு மணி நேரத்துக்குள் நிர்வாகமே புகார் தர வேண்டும் என்ற 2024 உத்தரவு மத்திய அரசு மருத்துவமனைகளுக்கு வந்தது, எங்களுக்கு உதவாது.

புகாரில் இந்தச் சட்டத்தைப் பெயர் சொல்லி எழுத வேண்டுமா? நிர்வாகம் கையெழுத்துப் போடாமல் தங்கை மட்டும் கொடுத்தால் நிற்குமா? எஸ்பிக்குப் பதிவுத் தபாலில் அனுப்பி எஃப்ஐஆர் வாங்கியவர்கள் யாராவது இருக்கிறீர்களா? சிசிடிவி பதிவு அழிவதற்குள் அதைக் கேட்டு வாங்குவது எப்படி என்பதுதான் இப்போது அவசரம்.