கொய்யா வேரில் முடிச்சு: மண்ணில் இருக்கும் நூற்புழுவை எல்லாம் கொல்லலாமா?

ஆயக்குடி விவசாயி:
நான்கு வயசு கொய்யா. இலை செம்பு நிறமாகிக் காய் சிறுத்தது, இப்போது வரிசையாக வாடுகிறது. தண்ணீர் போதவில்லை என்று நினைத்துச் சொட்டுநீரைக் கூட்டினேன், பலனில்லை. ஒரு மரத்தைப் பிடுங்கிப் பார்த்தால் வேரெல்லாம் முடிச்சு முடிச்சாக வீங்கிக் கிடக்கிறது. நூற்புழு, கண்ணுக்குத் தெரியாத மண் புழு என்கிறார்கள். ஒன்றுகூட மிஞ்சாதபடி கொல்லும் மருந்து எது?

மண்வாசம்:
அண்ணா, அப்படி ஒரு மருந்தைத் தேடாதீர்கள். ஒரு பிடி மண்ணில் ஆயிரக்கணக்கில் நூற்புழு இருக்கும். பெரும்பாலானவை உங்கள் வேரைத் தொடுவதே இல்லை. சில பாக்டீரியாவைத் தின்னும், சில பூஞ்சையைத் தின்னும். மோனோன்கஸ் வகை மற்ற நூற்புழுக்களையே பிடித்துத் தின்னும். பாக்டீரியாவில் தழைச்சத்து அதிகம், அதைத் தின்னும் நூற்புழுவுக்கு அவ்வளவு தேவைப்படாது. மிச்சத்தை அம்மோனியமாக வெளியே விடும், அதைத்தான் வேர் எடுத்துக்கொள்கிறது. நீங்கள் போட்ட தொழு உரம் சத்தாக மாறுவதில் இவற்றுக்கும் பங்கு உண்டு.

ஆயக்குடி விவசாயி:
தம்பி, நெல் போட்டவர் தண்ணீர் கட்டி வைப்பார். தக்காளி போட்டவர் அடுத்த போகத்தில் பயிரை மாற்றுவார். மரம் வைத்தவன் என்ன செய்வது? ஒரு பெண் புழு சில நூறு முட்டை இடுமாம், வெயில் காலத்தில் ஒரு மாதத்துக்குள் அடுத்த தலைமுறை தயார். இதில் நல்ல புழு, கெட்ட புழு என்று பிரித்துப் பார்க்க எனக்கு ஏது நேரம்?

மண்வாசம்:
அந்தக் கணக்கை நானும் ஒத்துக்கொள்கிறேன். ஆனால் முட்டைகள் பசை போன்ற உறைக்குள், வேரை ஒட்டி இருக்கின்றன. எவ்வளவு மருந்து ஊற்றினாலும் சில தப்பும். அவை பொரிக்கும்போது மண்ணில் எதிரியே இல்லையென்றால்? பர்ப்பூரியோசிலியம் லிலாசினம் என்ற பூஞ்சை முட்டைக்குள்ளேயே புகுந்து அழிக்கும். தொழு உரத்தில் கலந்து, நிழலில் ஈரமாக வைத்துப் பெருக்கி, வேப்பம் பிண்ணாக்கோடு வேர்ப்பகுதியில் இடுங்கள்.

நாற்றங்கால்காரர்:
நீங்கள் இரண்டு பேரும் செடி எங்கிருந்து வந்தது என்பதையே பேசவில்லை. கொய்யாவை இப்படி வாட்டுவதில் முக்கியமானது மெலாய்டோகைன் என்டரோலோபி என்ற வேர்முடிச்சு நூற்புழு. வேர்முடிச்சு நூற்புழுவுக்கு எதிர்ப்புத் திறனுள்ள தக்காளி ரகங்களையே தாக்கும் புழு அது. பை மண்ணோடு, பதியன் செடியோடு தோட்டத்துக்குள் வந்துவிடுகிறது. வேர் புண்ணானால் பியூசேரியம் பூஞ்சையும் சேர்ந்துகொள்ளும், அப்புறம் மரம் நிற்காது. மண்வாசம் தம்பி, முழுசாக வாடிய மரத்தை உங்கள் பூஞ்சை காப்பாற்றாது. அதை வேரோடு தோண்டி எரிப்பதுதான் வழி. அந்த மண்வெட்டியைக் கழுவாமல் அடுத்த வரிசைக்குக் கொண்டு போகக்கூடாது.

மண்வாசம்:
வாடிய மரத்துக்கு நீங்கள் சொல்வது சரி. நான் கேட்பது இன்னும் பச்சையாக நிற்பவற்றுக்கு.

ஆயக்குடி விவசாயி:
செடி வாங்கும்போது பையைப் பிரித்து வேரைப் பார்க்கவே இல்லை, அது என் தப்பு. வாடியவற்றை நாளைக்கே தோண்டுகிறேன். பச்சையாக இருப்பதில் இரண்டு வரிசைக்கு மட்டும் தம்பி சொன்ன பூஞ்சையும் பிண்ணாக்கும். மற்றதற்கு மருந்துதான், என்னால் காத்திருக்க முடியாது. தோண்டிய குழியில் உடனே கொய்யா வைக்கலாமா?

நாற்றங்கால்காரர்:
வைக்காதீர்கள் ஐயா. குழியில் மிஞ்சிய வேர்த்துண்டிலும் முட்டை இருக்கும். முதலில் நான்கைந்து இடத்தில், ஒரு அடி ஆழம் வரை, வேரோடு மண் எடுத்துப் பரிசோதனைக்குக் கொடுங்கள். அந்த மண் பையை வெயிலில் வைத்துவிடாதீர்கள், புழு செத்தால் முடிவு தப்பாக வரும்.