கிளாடியேட்டர் சண்டையும் இன்றைய கூண்டுச் சண்டையும்: இரண்டும் ஒன்றா?

கேள்வி:
பழைய ரோமில் அரங்கில் சண்டையிட்ட கிளாடியேட்டர்களைப் பற்றிய படம், தொடர் எதைப் போட்டாலும் சண்டைக்கு ஒரு பிணம் விழுகிறது. நிஜத்திலும் அப்படித்தானா? எம்எம்ஏ (குத்து, உதை, மல்யுத்தப் பிடி எல்லாம் கலந்த கூண்டுச் சண்டை) பார்ப்பவனுக்கும் அதே ரோமானியக் கூட்டத்தின் புத்திதான் என்கிறார்களே, சரியா?

மறுமொழி 1:
பிணக்கணக்கு திரைக்கதைக்காரர்களுடையது. பயிற்சி பெற்ற வீரன் முதலாளிக்குப் பெரிய முதலீடு. 2ஆம் நூற்றாண்டுச் ரோமானியச் சட்ட அறிஞர் கயஸ், விழா நடத்துபவருக்கு வீரர்களைத் தரும் ஒரு ஒப்பந்தத்தை அலசுகிறார்: காயமில்லாமல் திரும்பினால் ஆளுக்கு 20 டினாரியஸ் (ரோமானிய வெள்ளி நாணயம்), செத்தாலோ முடமானாலோ 1,000. முழுசாக வந்தவன் வாடகை, மற்றவன் விற்பனை என்று முடிக்கிறார்! ஐம்பது மடங்கு செலவு என்றால் விழா நடத்துபவர் யோசிக்கத்தானே செய்வார்? தோற்றவன் விரலை உயர்த்தி உயிர்ப்பிச்சை கேட்கலாம். முடிவு விழா நடத்துபவர் கையில்.

'கொல்' என்று காட்டும் கீழ்நோக்கிய கட்டைவிரலைப் பரப்பியது பிரெஞ்சு ஓவியர் ஜெரோம் 1872இல் வரைந்த ஓவியம். பழைய நூல்களில் விரலைத் 'திருப்பினார்கள்' என்றுதான் இருக்கிறது, எந்தப் பக்கம் என்று இல்லை.

மறுமொழி 2:
கூட்டத்தின் புத்தியை விடுங்கள். சண்டையை யாரால் நிறுத்த முடியும் என்று பாருங்கள். 1993இல் அமெரிக்காவின் டென்வரில் நடந்த முதல் யுஎஃப்சியில் (எம்எம்ஏ போட்டிகளை நடத்தும் அமைப்பு) எடைப்பிரிவு கிடையாது. அமெரிக்க செனட்டர் மெக்கெய்ன் அதை 'மனிதச் சேவல் சண்டை' என்றார். இன்றைய விதிப்படி 5 நிமிடச் சுற்று மூன்று, பட்டப் போட்டிக்கு ஐந்து. பிடியில் சிக்கியவன் கையால் தட்டினால் முடிந்தது. கை மாட்டிக்கொண்டால் வாயால் சொன்னாலும் போதும். தற்காத்துக்கொள்ள முடியாதவனைக் கண்டால் நடுவரே நிறுத்துவார். சிக்கல் இங்கேதான்: நடுவர் இரண்டு நொடி தாமதித்தால், நினைவிழந்து கிடப்பவன் தலையில் நாலைந்து குத்து கூடுதலாக விழும். கழுத்துத் தசை தளர்ந்திருப்பதால் தலை தடையின்றி உதறும். மறுஒளிபரப்பில் திரும்பத் திரும்பக் காட்டுவதும் அந்தக் குத்துகளைத்தான்.

மறுமொழி 3:
அப்படியானால் 2022இல் அமெரிக்காவின் நெவாடா மாநிலம் அனுமதித்த அறைப் போட்டியை (மாறி மாறிக் கன்னத்தில் அறையும் போட்டி) என்ன சொல்வீர்கள்? அடி வாங்குபவர் கைகளைப் பின்னால் வைத்துக்கொண்டு அசையாமல் நிற்க வேண்டும். தோளைத் தூக்கினால், முகத்தைத் திருப்பினால் தவறு. தடுக்கவே கூடாது என்பதுதான் விதி! ரோமானியன் கூட முர்மில்லோ என்ற வகை கிளாடியேட்டர் கையில் பெரிய கேடயம் கொடுத்துத்தான் இறக்கினான்.

மறுமொழி 2 எழுதியவர்:
அறைப் போட்டி விஷயத்தில் உங்கள் பக்கம்தான். ஒரு திருத்தம் மட்டும்: கேடயம் எல்லோருக்கும் இல்லை. வலை வீசும் ரெட்டியாரியஸுக்குத் தலைக்கவசமும் கிடையாது; இடது கைக்கு உறை, தோளில் ஒரு உலோகத் தகடு, அவ்வளவே. ஆனால் அவனால் விலகி ஓட முடிந்தது.